ஆட்டிசம் கொஞ்சமா, அதிகமா?

என் தம்பிக்கு ஆட்டிசம் என்று சொன்னால் நம்ம பக்கத்தில் அடுத்த கேள்வி எப்போதும் ஒன்றுதான்: "கொஞ்சமா இருக்கா, அதிகமா இருக்கா?" கல்யாணப் பந்தியில் பக்கத்து இலைக்காரர் கேட்பார், பாலக்கோடு பஸ்ஸில் பக்கத்து சீட்டு அம்மா கேட்பார், எங்கள் பள்ளிக்கு மாறுதலில் வரும் ஆசிரியர்களும் கேட்பார்கள். அக்கறையில் கேட்பதுதான், அதில் எனக்கு வருத்தம் இல்லை. ஆனால் அந்தக் கேள்விக்குள் இருக்கிற கணக்கு சரியில்லை. அதை யாராவது ஒரு தடவை முழுசாகச் சொல்ல வேண்டும், அதனால் நானே சொல்லிவிடுகிறேன்.

இப்போது எழுத உட்கார்ந்ததற்குக் காரணம் பென்னாகரம் பக்கம் கட்டிக்கொடுத்த என் சித்தி மகள். அவளுடைய மூன்று வயதுப் பையனின் சீட்டில் டாக்டர் 'ஆட்டிசம் ஸ்பெக்ட்ரம் டிஸ்ஆர்டர், லெவல் 2' என்று எழுதிக் கொடுத்திருக்கிறார். வீட்டில் ஆளுக்கொன்று சொல்கிறார்கள். மாமியார், "அவங்க அப்பனும் நாலு வயசு வரைக்கும் பேசல, தானா வந்துடும்" என்கிறார். கொழுந்தனார் யூடியூப் பார்த்துவிட்டு, "இது விர்ச்சுவல் ஆட்டிசம், போனைப் பிடுங்கி வெச்சா சரியாயிடும்" என்கிறார். அவள் என்னிடம் போனில் கேட்டது: "அக்கா, லெவல் 2ன்னா நூத்துக்கு எவ்வளவு?"

நூற்றுக்கு எவ்வளவு என்றே அதைப் படிக்கக் கூடாது. ஏன் என்று புரிய இந்தப் பெயர் எப்படி வந்தது என்று கொஞ்சம் பின்னால் போய்ப் பார்க்க வேண்டும், நீளமாக இருந்தாலும் படியுங்கள்.

ஆட்டிசம் என்ற சொல்லை 1911-ல் சுவிட்சர்லாந்து மனநல மருத்துவர் ஓய்கன் பிளாய்லர் பயன்படுத்தியபோது அவர் பேசியது குழந்தைகளைப் பற்றியே இல்லை, மனச்சிதைவு நோய் உள்ளவர்கள் தங்களுக்குள்ளேயே ஒடுங்கிப்போவதைத்தான் அப்படிச் சொன்னார். 1925-ல் சோவியத் நாட்டில் குரூன்யா சுகரேவா என்ற பெண் மருத்துவர் ஆறு பையன்களைப் பற்றி எழுதியதை இன்று படிப்பவர்கள் இது ஆட்டிசம்தானே என்கிறார்கள், ஆனால் அந்த அம்மாவின் பெயர் ரொம்ப காலம் வெளியே தெரியவே இல்லை. 1943-ல் அமெரிக்காவில் பால்டிமோரில் இருந்த லியோ கேனர் 11 குழந்தைகளைப் பற்றி எழுதியதும், மறு வருஷமே வியன்னாவில் ஹான்ஸ் ஆஸ்பெர்கர் எழுதியதும்தான் புத்தகங்களில் நின்றன. கேனர் சொன்னது மிகக் குறுகிய ஒரு வட்டம். அந்த வட்டத்துக்குள் அச்சாகப் பொருந்தினால்தான் ஆட்டிசம், இல்லையென்றால் வேறு ஏதோ.

அதற்கு அடுத்த இருபது, இருபத்தைந்து வருஷம்தான் எனக்கு நினைத்தாலே கோபம் வரும் காலம். குழந்தை இப்படி இருப்பதற்கு அம்மா பாசம் காட்டாததுதான் காரணம் என்று பெரிய பெரிய ஆட்கள் எழுதினார்கள், புரூனோ பெட்டல்ஹைம் அதைப் பிரபலப்படுத்தினார். 1964-ல் பெர்னார்ட் ரிம்லாண்ட், அவரே ஆட்டிசம் உள்ள ஒரு பையனுக்கு அப்பா, இது மூளை வளர்ச்சி சம்பந்தப்பட்டது என்று புத்தகம் எழுதித்தான் அந்தக் கதை ஆட்டம் கண்டது. அங்கே அது செத்துப்போய் ரொம்ப நாளாகிறது. நம்ம ஊரில் இன்னும் சாகவில்லை. கிரகணத்தில் வெளியே வந்தாள், மாசமா இருக்கும்போது அழுதுகொண்டே இருந்தாள், வேலைக்குப் போய்விட்டாள், பிள்ளையிடம் பேசவே இல்லை, எல்லாமே அம்மா தலையில். என் அம்மா இதையெல்லாம் கேட்டுக்கொண்டே தம்பியை வளர்த்தவர். ஆட்டிசத்தில் பெரும் பங்கு மரபணுக்களுக்கு என்று இரட்டைக் குழந்தைகளை வைத்துச் செய்த ஆய்வுகள் திரும்பத் திரும்பக் காட்டியிருக்கின்றன. தடுப்பூசியும் காரணம் இல்லை. அப்படிச் சொன்ன 1998-ம் வருஷக் கட்டுரையை அதை வெளியிட்ட லான்செட் இதழே 2010-ல் திரும்பப் பெற்றுக்கொண்டது.

சரி, ஸ்பெக்ட்ரம் எங்கிருந்து வந்தது? லோர்னா விங் என்று லண்டனில் ஒரு மனநல மருத்துவர். அவருடைய மகளுக்கும் ஆட்டிசம். அவரும் ஜூடித் கூல்டும் லண்டனில் கேம்பர்வெல் என்ற பகுதியில் உள்ள குழந்தைகளை வரிசையாகப் பார்த்து 1979-ல் ஒரு ஆய்வை வெளியிட்டார்கள். கேனரின் வட்டத்துக்குள் பொருந்தாத, ஆனால் அதே வகைச் சிரமங்கள் உள்ள குழந்தைகள் நிறைய பேர் இருந்தார்கள். சிலர் ஒரு வார்த்தை பேசவில்லை, சிலர் ஓயாமல் பேசினார்கள், சிலர் ஆளைக் கண்டாலே விலகினார்கள், சிலர் தெரியாதவர் மடியில் போய் உட்கார்ந்தார்கள். இவர்களையெல்லாம் வெட்டி வெட்டித் தனிப்பெயர் வைப்பதைவிட ஒரே குடைக்குள் வைத்தால்தான் எல்லாருக்கும் உதவி போய்ச் சேரும் என்பது லோர்னா விங்கின் எண்ணம், பல விதமாக விரிந்த அந்தக் குடைக்குத்தான் ஸ்பெக்ட்ரம் என்று பெயர். ஒரு அம்மாவுக்குத்தான் அது தோன்றியிருக்கும் என்று எனக்குப் படுகிறது.

மருத்துவ ஏடுகள் அந்த இடத்துக்கு வந்து சேர இன்னும் ரொம்ப நாள் ஆனது. அமெரிக்க மனநல மருத்துவச் சங்கத்தின் கையேடான டி.எஸ்.எம்.மில் 1980-ல் ஆட்டிசம் தனியாக இடம்பிடித்தது, 1994-ல் ஆஸ்பெர்கர் என்ற பெயரும் சேர்ந்தது, 2013-ல் வந்த ஐந்தாம் பதிப்பில் அந்தப் பெயர்களையெல்லாம் எடுத்துவிட்டு ஒரே பெயர்: ஆட்டிசம் ஸ்பெக்ட்ரம் டிஸ்ஆர்டர். உலக சுகாதார நிறுவனத்தின் ஐ.சி.டி. பட்டியலின் பதினோராம் பதிப்பிலும், 2022-லிருந்து நடைமுறையில் இருப்பது அது, இதே பெயர்தான். அதனால் பழைய ரிப்போர்ட்டில் ஆஸ்பெர்கர் என்று இருந்து புதிய ரிப்போர்ட்டில் ஆட்டிசம் என்று இருந்தால் பிள்ளைக்கு முற்றிவிட்டது என்று பயப்படாதீர்கள், மாறியது ஏடுதான்.

இந்தப் பெயரை எழுத டாக்டர் இரண்டு விஷயங்களைப் பார்க்க வேண்டும், இரண்டுமே இருக்க வேண்டும், அதுவும் சின்ன வயதிலிருந்தே. முதலாவது மற்றவர்களோடு பழகுவதிலும் சொல்வதைப் பரிமாறிக்கொள்வதிலும் உள்ள வித்தியாசம். பேச்சு மட்டும் இல்லை. பேர் சொல்லிக் கூப்பிட்டால் திரும்புகிறதா, நிலாவைக் காட்டி நம்மையும் பார்க்கச் சொல்கிறதா, ஒன்று வேண்டுமென்றால் விரலால் காட்டுகிறதா இல்லை நம் கையைப் பிடித்து இழுத்துப்போய் அந்தப் பொருள் மேலேயே வைக்கிறதா, இதெல்லாம் அதில் வரும். இரண்டாவது, ஒரே மாதிரி திரும்பத் திரும்பச் செய்வது, வழக்கம் மாறினால் தாங்க முடியாமல் போவது, ஒரே பொருளில் ஆழ்ந்துபோவது, அப்புறம் சத்தம், வெளிச்சம், தொடுதல், ருசி இவையெல்லாம் மற்றவர்களுக்குப் படுவதைவிட அதிகமாகவோ குறைவாகவோ படுவது. இந்தக் கடைசி விஷயத்தை 2013-ல்தான் வெளிப்படையாகப் பட்டியலில் சேர்த்தார்கள். வீட்டில் ஒரு ஆட்டிசம் பிள்ளை இருந்தால் அது முதலிலேயே தெரிந்த விஷயம்.

என் தம்பியையே சொல்கிறேன். மாசி, பங்குனியில் எங்கள் தெருவில் எல்லா வாசலிலும் புளி தட்டுவார்கள். ஓடு உடைத்து நார் உரித்துக் கொட்டை எடுக்கும் வேலை, கூலிக்கும் செய்வார்கள் வீட்டுக்கும் செய்வார்கள். அந்தப் பிசுபிசுப்பு கையில் பட்டால் தம்பியால் தாங்க முடியாது, தோல் உரிகிற மாதிரி கத்துவான். ஆனால் கொட்டையை முறத்தில் போட்டுக் கொடுத்தால் சாயங்காலம் வரைக்கும் புடைத்துக்கொண்டிருப்பான், ஒரு தூசி இருக்காது. குமாரசாமிப்பேட்டை முருகன் கோயில் தைப்பூசத் தேரை, பெண்கள் வடம் பிடிக்கும் தேர் அது, அவனுக்குப் பார்க்க ஆசை, ஆனால் மைக் செட்டும் மேளமும் காதில் விழுந்தால் தலையில் அடித்துக்கொள்வான், அதனால் தூரத்தில் ஒரு மொட்டை மாடியில் நின்று பார்ப்போம். பேச்சு குறைவு, பெரும்பாலும் நாம் சொன்னதையே திருப்பிச் சொல்வான். ஆனால் தனக்கு என்ன வேண்டும் என்பதைப் படங்களைக் காட்டித் தெளிவாகச் சொல்வான். அப்பாவுக்கு உடம்பு சரியில்லாத நாளில் அவர் கட்டிலை விட்டு நகர மாட்டான். எழுத்துக் கூட்டிப் படிப்பான், காசு கணக்குத் தெரியாது. தனியாக ரோட்டைக் கடக்க விட முடியாது, தனியாகக் குளிப்பான், துணி துவைப்பான்.

இப்போது சொல்லுங்கள், இது கொஞ்சமா, அதிகமா?

ஸ்பெக்ட்ரம் என்றதும் இந்த முனையில் லேசு, அந்த முனையில் கடுமை என்று ஒரு நீளக் கோடு எல்லாருக்கும் மனதில் வந்துவிடுகிறது. ஜாதகக் கட்டத்தை நினைத்துக்கொண்டால் இன்னும் பொருத்தமாக இருக்கும். பன்னிரண்டு கட்டம், ஒவ்வொன்றிலும் வேறு வேறு, ஒரு கட்டத்தை மட்டும் பார்த்து முழு ஜாதகத்தையும் சொன்னால் யாரும் ஒத்துக்கொள்ள மாட்டார்கள். பேச்சு ஒரு கட்டம், சத்தம் தாங்குவது ஒரு கட்டம், தூக்கம், சாப்பாடு, படிப்பு, பழக்கம் மாறுவதைச் சமாளிப்பது எல்லாம் தனித்தனிக் கட்டம். நன்றாக ஆங்கிலம் பேசி ஓசூர் கம்பெனியில் வேலை பார்க்கும் ஒருவருக்கு கேன்டீன் சத்தத்தில் பத்து நிமிஷம் உட்கார முடியாமல் இருக்கலாம். அவரைப் பார்த்து "உனக்கெல்லாம் லேசாத்தானே" என்பது அவருடைய சிரமத்தை அழிப்பது. என் தம்பியைப் பார்த்து "ரொம்ப அதிகமோ" என்பது அவன் செய்கிற அத்தனையையும் அழிப்பது.

லெவல் 1, 2, 3 என்பது அந்தக் கையேட்டில் எவ்வளவு உதவி தேவை என்பதற்கான குறிப்பு. உதவி தேவை, கணிசமான உதவி தேவை, மிகக் கணிசமான உதவி தேவை, அவ்வளவுதான். பழகுவதற்கு ஒரு லெவல், திரும்பச் செய்யும் பழக்கங்களுக்கு ஒரு லெவல் என்று தனித்தனியாகக்கூட எழுதலாம். வயசோடு, பயிற்சியோடு, சூழ்நிலையோடு மாறும். சித்தி மகளிடம் இதைத்தான் சொன்னேன்: அது உன் பையனுக்குப் போட்ட மார்க் இல்லைம்மா, இப்போதைக்கு அவனுக்கு நிறைய ஆள் துணை வேணும்னு எழுதியிருக்காங்க.

அரசாங்கச் சான்றிதழில் சதவீதம் போடுகிறார்களே என்று கேட்பீர்கள். போடுகிறார்கள். அதற்கு ஐ.எஸ்.ஏ.ஏ. என்ற இந்திய அளவுகோல் இருக்கிறது, 40 கேள்விகள், ஒவ்வொன்றுக்கும் 1 முதல் 5 வரை. மொத்தம் 70-க்குக் கீழே என்றால் ஆட்டிசம் இல்லை என்று கணக்கு. அந்தக் கூட்டுத்தொகையைத்தான் சதவீதமாக மாற்றுகிறார்கள். உதவித்தொகைக்கும் இடஒதுக்கீட்டுக்கும் 40 சதவீதம் என்ற எல்லைக்கோடு அரசுக்குத் தேவைப்படுகிறது, அதனால் அந்த எண். கலெக்டர் ஆபீஸ் கவுன்டரோடு அந்த எண்ணின் வேலை முடிந்துவிட வேண்டும், வீட்டுக்குள் அதைக் கொண்டுவந்து "60 பர்சன்ட் பையன்" என்று பேசக் கூடாது. நான் என் காதால் கேட்டிருக்கிறேன், அதுவும் பையன் பக்கத்தில் நிற்கும்போதே.

தம்பியின் முதல் அடையாள அட்டையில் ஆட்டிசம் என்ற சொல்லே கிடையாது. 'மனவளர்ச்சி குன்றியவர்' என்று இருந்தது. அன்றைக்கு நடைமுறையில் இருந்த 1995-ம் வருஷச் சட்டத்தில் ஏழு வகை ஊனங்கள்தான், அதில் ஆட்டிசம் இல்லை. 1999-ல் தேசிய அறக்கட்டளைச் சட்டத்தில் ஆட்டிசம் வந்தது, இந்த மாதிரிப் பிள்ளைகளின் நலனுக்கான மத்திய அரசு அமைப்பு அது. ஆனால் சான்றிதழ், இடஒதுக்கீடு எல்லாவற்றுக்கும் ஆட்டிசத்தைத் தனி வகையாக ஏற்றது 2016-ம் வருஷ மாற்றுத்திறனாளிகள் உரிமைச் சட்டம்தான், 21 வகைகளில் ஒன்றாக. அறிவுத்திறன் குறைபாடு வேறு, ஆட்டிசம் வேறு. சிலருக்கு இரண்டும் சேர்ந்திருக்கும், பலருக்கு இருக்காது. இந்த வித்தியாசம் வகுப்பில் எவ்வளவு முக்கியம் என்று ஆசிரியராக எனக்குத் தெரியும். கேள்வி புரியாததால் பதில் சொல்லாத பிள்ளைக்கும், கேள்வி புரிந்தும் வாய் வராத பிள்ளைக்கும் ஒரே மாதிரி பாடம் நடத்தினால் இரண்டாவது பிள்ளை வருஷக்கணக்கில் வீணாகிவிடும். தமிழ்நாட்டு அரசு ஆவணங்களில் 'புற உலகச் சிந்தனையற்ற மதி இறுக்கமுடையோர்' என்று எழுதுகிறார்கள். அப்பா கட்டிலை விட்டு நகராத என் தம்பிக்குப் புற உலகச் சிந்தனை இல்லை என்று கையெழுத்துப் போட எனக்கு மனசு வரவில்லை, அதனால் நான் ஆட்டிசம் என்றே எழுதுகிறேன், எல்லாருக்கும் அதுதான் புரிகிறது.

அந்த விர்ச்சுவல் ஆட்டிசம் விஷயத்துக்கு வருகிறேன். அப்படி ஒரு நோய்ப்பெயர் டி.எஸ்.எம்.மிலும் கிடையாது, ஐ.சி.டி.யிலும் கிடையாது. இரண்டு வயதுக் குழந்தை கையில் போன் இருக்கக் கூடாது என்பதில் எனக்கு இரண்டு கருத்து இல்லை, போன் இருக்கும் நேரம் மனிதர்களோடு பேசும் நேரத்தைத் தின்றுவிடும். ஆனால் போனை நிறுத்திவிட்டு ஆறு மாசம் பார்க்கலாம் என்று காத்திருப்பது ஆபத்து, அந்த ஆறு மாசம்தான் பயிற்சிக்கு மிகவும் பயன்படக்கூடிய காலம். போனையும் நிறுத்துங்கள், டாக்டரையும் பாருங்கள்.

கிருஷ்ணகிரி மாவட்டத்துக்காரர்களுக்கு ஒன்று தனியாகச் சொல்ல வேண்டும். தளி, கெலமங்கலம், வேப்பனப்பள்ளி பக்கமெல்லாம் வீட்டில் தெலுங்கோ கன்னடமோ பேசுவார்கள், தெருவில் தமிழ், வைத்தியத்துக்குப் போவது பெங்களூரு. "இத்தனை பாஷை பேசுறதாலதான் குழந்தை குழம்பிடுச்சு, இனிமே இங்கிலீஷ் மட்டும் பேசுங்க" என்று சொல்லி அனுப்புகிறவர்கள் இருக்கிறார்கள். ஆட்டிசம் உள்ள குழந்தைகளை வைத்துச் செய்த ஆய்வுகளில் இரண்டு மொழி கேட்டு வளர்வதால் பேச்சு கூடுதலாகத் தாமதமானதாகத் தெரியவில்லை. பாட்டிக்குத் தெலுங்கு மட்டும்தான் வரும் என்றால் பாட்டி தெலுங்கிலேயே கொஞ்சட்டும். அரைகுறை இங்கிலீஷில் "கம், சிட், ஈட்" என்று மட்டும் பேசும் வீட்டில் குழந்தை எந்த மொழியைக் கற்றுக்கொள்ளும்?

பெண் பிள்ளைகளைப் பற்றியும். ஆண் பிள்ளைகளுக்குத்தான் இந்தப் பெயர் அதிகம் வைக்கப்படுகிறது, ஆனால் பெண் பிள்ளைகள் நிறைய பேர் கண்ணில் படாமல் போகிறார்கள் என்பது இப்போது பரவலாக ஒத்துக்கொண்ட விஷயம். மற்ற பிள்ளைகளைப் பார்த்துப் பார்த்து அதே மாதிரி சிரிக்கவும் பேசவும் கற்றுக்கொண்டு மறைத்துவிடுவார்கள். நம்ம ஊரில் கூடுதலாக, வாய் பேசாமல் மூலையில் உட்காரும் பெண்ணுக்கு 'அடக்கமான பொண்ணு' என்று பாராட்டு வேறு கிடைக்கும்.

"எங்க பார்த்தாலும் ஆட்டிசம்ங்கறாங்க, அந்தக் காலத்துல இருந்துச்சா?" என்று கேட்பவர்களுக்கு: அமெரிக்காவில் 2000-ல் எட்டு வயதுக் குழந்தைகளில் 150-க்கு ஒருவர் என்று இருந்த கணக்கு 2022-ல் 31-க்கு ஒருவர் என்று ஆகியிருக்கிறது. இதில் பெரும் பகுதி, வரையறை விரிந்ததாலும் தேடிப் பார்ப்பதாலும் வந்தது. அந்தக் காலத்திலும் இருந்தார்கள். ஒவ்வொரு ஊரிலும் யாரோடும் பேசாமல் ஒரே வழியில் நடந்துபோகும் ஒருவர் இருந்தாரே, அவருக்குப் பட்டப்பெயர்தான் வைத்தோம்.

குணப்படுத்துகிறோம் என்று வருபவர்களிடம் எச்சரிக்கையாக இருங்கள். ஸ்டெம் செல் ஊசிக்காக நிலத்தை விற்ற குடும்பம் எனக்குத் தெரியும். ஆட்டிசத்துக்கு அந்தச் சிகிச்சையைப் பரிந்துரைக்க முடியாது என்று தேசிய மருத்துவ ஆணையத்தின் நெறிமுறைக் குழு 2022-லேயே சொல்லிவிட்டது. உதவுவது பேச்சுப் பயிற்சி, அன்றாட வேலைகளைச் செய்யப் பழக்கும் தொழில்வழிச் சிகிச்சை, சிறப்பாசிரியர், அப்புறம் வீட்டில் தினமும் செய்கிற சின்னச் சின்ன விஷயங்கள். மெதுவாகத்தான் பலன் தெரியும்.

எங்கே போவது என்று கேட்டால், முதலில் தருமபுரி அரசு மருத்துவக் கல்லூரி மருத்துவமனை, கிருஷ்ணகிரிக்காரர்களுக்கு அங்குள்ள அரசு மருத்துவக் கல்லூரி மருத்துவமனை. குழந்தைகள் பிரிவில், 'தொடக்கநிலை இடையீட்டு மையம் எங்கே' என்று கேளுங்கள், சின்ன வயதிலேயே கண்டுபிடித்துப் பயிற்சி கொடுக்கும் இடம் அது. அங்கன்வாடிக்கும் பள்ளிக்கும் வரும் மருத்துவக் குழு 18 வயது வரை பார்க்கும் 30 குறைபாடுகளின் பட்டியலில் ஆட்டிசமும் உண்டு, அதனால் அவர்களிடமும் வாய் திறந்து சொல்லலாம். பள்ளிக்கல்வித் துறையின் வட்டார வள மையத்தில் சிறப்பாசிரியர்கள் இருக்கிறார்கள். பெரிய இடம் வேண்டுமென்றால் பெங்களூரு நிம்ஹான்ஸ் மனநல மருத்துவமனை, சென்னை முட்டுக்காட்டில் மத்திய அரசின் பல்வகை மாற்றுத்திறனாளிகள் நிறுவனம். அடையாள அட்டைக்குக் கலெக்டர் அலுவலகத்தில் உள்ள மாவட்ட மாற்றுத்திறனாளிகள் நல அலுவலகம். அட்டையில் வகையைச் சரியாக ஆட்டிசம் என்று போட்டிருக்கிறார்களா என்று அங்கேயே நின்று பார்த்துவிட்டு வாருங்கள், பின்னால் திருத்த அலைய வேண்டாம். தேசிய அறக்கட்டளையின் நிராமயா காப்பீடும் எடுத்து வையுங்கள், வருஷத்துக்கு ஒரு லட்ச ரூபாய் வரைக்கும் வெளிநோயாளி செலவும் பயிற்சிச் செலவும்கூட அதில் வரும்.

இன்னொன்று, பிள்ளைக்கு 18 வயது முடிந்தால் பெற்றோர்தான் காப்பாளர் என்பது சட்டப்படி தானாகத் தொடராது. கலெக்டர் தலைமையில் உள்ள உள்ளூர்க் குழுவில் விண்ணப்பித்து சட்டப்பூர்வ காப்பாளர் சான்று வாங்க வேண்டும். அப்பாவும் அம்மாவும் வாங்கியிருக்கிறார்கள், அவர்களுக்குப் பிறகு அது என் பெயருக்கு வரும்.

ஆட்டிசம் என்றாலே குழந்தை படம் போடுகிறார்கள். தம்பிக்கு இப்போது முப்பது தாண்டிவிட்டது. அவன் வயதுக்காரர்கள் பகலில் போய் இருக்கவும் வேலை பழகவும் எங்கள் ஊரில் ஒரு இடம் கிடையாது, பள்ளி வயது முடிந்ததும் எல்லாரும் வீட்டுக்குள்தான். பாலக்கோடு, காரிமங்கலம் சுற்றி இப்படிப் பெரியவர்கள் உள்ள குடும்பங்கள் நாலைந்து சேர்ந்தால் வாரத்தில் இரண்டு நாளாவது ஒரு இடத்தில் கூடலாம். இடத்துக்கு ஒருவரிடம் பேசி வைத்திருக்கிறேன். சித்திரை முடிந்து மாங்காய் வேலையெல்லாம் ஓய்ந்த பிறகு தொடங்கலாம் என்று இருக்கிறேன், வர முடிந்தவர்கள் சொல்லுங்கள்.